டோமாவுக்குப் பூ வைக்காதீர்கள்

அந்தச் செவ்வாய்க்கிழமை காலை நான் தொலைக்காட்சியோடு சண்டை பிடித்துக்கொண்டிருந்தேன். ஏதோ ஒரு ஜப்பானியக் கார்ட்டூன் தமிழில் ஓடியது. பையன் வாயை மூடி அடுத்த தெருவுக்கே போய்விட்டான், அவனுடைய வசனம் மட்டும் பழைய தெருவில் நின்று பேசிக்கொண்டிருந்தது. "வாய மூடிட்டான் கா, நீ இன்னும் என்னத்தக் கதைக்கிற?" என்று நான் திரையைப் பார்த்துக் கத்தவும் கைபேசி அடிக்கவும் சரியாக இருந்தது. காத்தான்குடியிலிருந்து அன்வர். எங்களோடு வேலை செய்த ஒலிப்பதிவுக்காரர். "டீச்சர், ரூபி அக்கா மவுத்தாகிட்டாங்க" என்றார்.

உடனே எனக்கு அழுகை வந்தது என்று எழுதினால் அது பொய். இந்தக் கார்ட்டூன்காரர்கள் செய்த அநியாயத்தை முதலில் ரூபிக்குச் சொல்ல வேண்டும் என்றுதான் நினைத்தேன். சொல்ல இனி ஆள் இல்லை என்பது பிறகுதான் உறைத்தது. அப்புறம் அழுதேன், நன்றாகவே அழுதேன்.

முப்பத்தோராம் நாள் நினைவு மலருக்கு ஒரு கட்டுரை வேண்டும் என்று கேட்டார்கள். 'பிறந்தார், கற்றார், நடித்தார்' என்று எழுத எனக்கு வராது. ரூபவதியை மேடையில் பார்த்த நீங்கள் அவளை ராசாவாகவும் மந்திரியாகவும் கிழவனாகவும் அறிவீர்கள். எனக்கு அவள் டோமா. பன்னிரண்டு வயசுப் பையன், காது வரைக்கும் இறங்கிய தொப்பி, தீவு தீவாய்க் கடிதம் கொண்டுபோகும் நீராவிப் படகு. ஒவ்வொரு வாரமும் படகை எடுக்கும்போது "கடலே, வழி விடு!" என்று ஒரு கத்துக் கத்துவான். அந்தக் கார்ட்டூன் தொடருக்குத் தமிழ் வசனம் எழுதியவள் நான். கத்தியவள், நாற்பத்தொரு வயசு ரூபவதி.

அவளைக் கண்டுபிடித்த பெருமை அன்வருக்கு. ஒருநாள் பின்னேரம் ஒரு பாடசாலை மண்டபத்தில் நாடகம். பாதியில் மின்சாரம் நின்றது, ஒலிபெருக்கி செத்தது. ராசா வேசத்தில் நின்ற ரூபி ஒரு சொல்லைக்கூட விழுங்கவில்லை. அதே மூச்சில் மிச்ச வசனத்தைப் பேசி முடித்தாள். பஸ் நிலையத்தில் நின்றவர்கள் அடிதடி என்று நினைத்து ஓடி வந்தார்களாம். ஒலிபெருக்கி வாடகைக்குக் கொண்டுவந்திருந்த அன்வர், தன் சாமான் ஒன்றும் தேவைப்படாத ஒரு மனுசியை முதல்முறையாகப் பார்த்து அசந்துபோனார். மறுவாரமே அவளை எங்கள் ஒலிப்பதிவு அறைக்குக் கூட்டி வந்துவிட்டார்.

அந்த அறை மட்டக்களப்புப் புளியந்தீவில் ஒரு அச்சகத்தின் மேல்மாடி. பலகைத் தரை. கொழும்புத் தொலைக்காட்சி ஒன்று நாடாக்களைப் பஸ்ஸில் அனுப்பும், நாங்கள் குரல் ஏற்றித் திருப்பி அனுப்புவோம். ரூபி முதல் நாள் வாயைத் திறந்ததும் ஒலிமானியின் முள் கடைசிக் கோட்டில் போய் முட்டிக்கொண்டு நின்றது. "அக்கா, மைக்குக்குக் காது கேக்கும்" என்றார் அன்வர் பணிவாக. அவளை மைக்கிலிருந்து பன்னிரண்டு அடி தள்ளி நிறுத்தினோம். அப்போதும் ஒரு தொந்தரவு. குரலுக்கு அடியில் 'தொம் தொம்' என்று ஒரு சத்தம். கீழே அச்சு இயந்திரம்தான் என்று நான் இறங்கிப் போய், கலியாணக் கார்ட் அடித்துக்கொண்டிருந்த மனிசனை ஏசி இயந்திரத்தை நிறுத்த வைத்தேன். மேலே வந்தால் சத்தம் அப்படியே இருந்தது. இரண்டாம் தரமும் போய்ப் பேசினேன். மூன்றாம் தரம் அன்வர் விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டு ரூபியின் காலைக் காட்டினார்.

அவளுடைய அப்பா கூத்துப் பழக்கும் அண்ணாவியார். அந்த வீட்டில் வசனம் என்றால் கால் மிதிக்க வேண்டும், மிதிக்காவிட்டால் வசனம் வராது. அதை அவளால் நிறுத்தவே முடியவில்லை. கடைசியில் என் வீட்டிலிருந்து நாலு நெல்லுச் சாக்கைக் கொண்டுவந்து மடித்துப் போட்டேன். அதன்மேல் வெறுங்காலோடு நின்று அவள் டோமாவாக மிதித்தாள், கத்தினாள், கடலில் விழுந்தாள், தும்மினாள். "குரலுக்கு வயசில்ல மச்சாள், காலுக்குத்தான் வயசு" என்பாள். உறவில்லாவிட்டாலும் நான் அவளுக்கு மச்சாள்தான்.

கொழும்பிலிருந்து ஒரு அதிகாரி வந்து, டோமா 'ஓம்' என்று சொல்லக் கூடாது, 'ஆமாம்' என்று சொல்ல வேண்டும் என்றார். ரூபி அவரைத் திரைக்கு முன்னால் இருத்திப் படத்தை ஓட விட்டாள். "பாருங்க சேர். வாய் ஒருக்காத்தான் திறந்து மூடுது. நீங்க சொல்றதச் சொன்னா நான் அவன்ட வாயக் கிழிக்கணும்." அதிகாரி தேத்தண்ணி குடித்துவிட்டுப் போய்விட்டார். இருபத்தாறு வாரம், ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு, டோமா எங்கள் தமிழில் ஓம் போட்டான். மட்டக்களப்பில் தொலைக்காட்சி இருந்த வீடுகளில் அந்த நேரம் பிள்ளைகளைக் கடைக்கு அனுப்ப முடியாது. வாவிக் கரையில் தோணியைத் தள்ளும் பொடியன்கள் "கடலே, வழி விடு!" என்று கத்துவதை என் காதால் கேட்டிருக்கிறேன். எனக்கு ஏற்பட்ட புளுகத்தை, அந்தச் சந்தோசத்தை, எப்படிச் சொல்வது!

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை கடல் வந்தது.

ரூபியின் வீடு நாவலடியில், கடலுக்கும் வாவிக்கும் நடுவில். சுனாமிக்கு முதல் நாள் நாடக ஒத்திகைக்கு வந்தாறுமூலைக்குப் போனவள் அங்கேயே தங்கியதால் தப்பினாள். வீடு போய்விட்டது. அம்மாவும் அக்காவும் போய்விட்டார்கள். அக்காவின் உடல் கிடைக்கவே இல்லை. என் வீட்டுக்குக் கூட்டி வந்தேன். சாப்பிடச் சொன்னால் சாப்பிடுவாள், குளிக்கச் சொன்னால் குளிப்பாள். மண்டபத்தை நிறைத்த அந்தக் குரல், தண்ணி கேட்கக்கூட வெளியே வரவில்லை. கடலின் பெயர் வரும் அந்த வசனத்தை நான் எழுதியதை நினைத்து என் கையையே வெறுத்தேன். கொழும்பிலிருந்து தகவல் வந்தது: இரண்டு கிழமைக்குள் அடுத்த நாடா வராவிட்டால் டோமாவுக்கு வேறு குரல் பார்க்கப்படும். சொன்னேன். "போடட்டும்" என்றாள். அவ்வளவுதான்.

அப்போது நான் ஒரு பாடசாலையில் இருந்த முகாமில் பிள்ளைகளுக்குப் படிப்பித்துக்கொண்டிருந்தேன். ஒருநாள் சோற்றுப் பானையின் மற்றக் காதைப் பிடிக்க ஆள் இல்லை என்று சொல்லி ரூபியையும் இழுத்துக்கொண்டு போனேன். அங்கே ஒரு வகுப்பறையில், நீள வாங்குப் பலகையின் மேல், செத்தவர்களின் படங்களை வரிசையாக வைத்துப் பூ வைத்திருந்தார்கள். படம் மிஞ்சாதவர்களுக்குப் பெயர் எழுதிய தாள். அந்த வரிசையின் கடைசியில் பள்ளிக் கொப்பித் தாளில் பென்சிலால் கீறிய ஒரு பையன். காது வரைக்கும் தொப்பி. முன்னால் ஒரு செவ்வரத்தம்பூ.

"இது ஆரு?" என்றாள் ரூபி. கடல் வந்த பிறகு அவள் தானாகக் கேட்ட முதல் கேள்வி அது.

பக்கத்தில் நின்ற எட்டு வயசுப் பிள்ளை சொன்னாள். பெயர் சுகி. தம்பியைக் கடலுக்குக் கொடுத்தவள். "இது டோமா. அவனும் போட்லதானே இருந்தான். அண்டைக்குப் பத்து மணிக்கு வரல்ல. மறுகா வரவே இல்ல."

நாடா போகாததால் நின்ற நிகழ்ச்சியை, அந்தப் பிள்ளைகள் ஒரு சாவாக எண்ணி, சடங்கும் செய்து முடித்திருந்தார்கள். ரூபி அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு குனிந்து, அந்தச் செவ்வரத்தம்பூவை எடுத்துத் தன் கொண்டையில் சொருகினாள். வாயைத் திறந்தாள். வந்தது டோமா.

"செத்த ஆக்களுக்குத்தானே கா பூ. எனக்கு ஏன் வெச்ச?"

சுகி சிரிக்கவில்லை. ரூபியின் வாயையே உற்றுப் பார்த்தாள். அந்தக் குரல் அங்கிருந்துதான் வருகிறதா என்று சோதிக்கிற பார்வை. கடைசியில், "ஞாயிற்றுக்கிழமை வருவியா?" என்று கேட்டாள்.

"ஓம். வாறன்."

வெளியே வந்ததும் ரூபி என் கையை நோகப் பிடித்தாள். "மச்சாள், வாக்குக் குடுத்திட்டன். அன்வருக்குச் சொல்லு." அன்றைக்கு வியாழக்கிழமை!

நாடாவை எடுத்தோம். கடல் என்ற சொல் வராமல் "படகே, புறப்படு!" என்று நான் மாற்றி எழுதி வைத்திருந்தேன். ரூபி தாளைத் திருப்பித் தந்தாள். "பிள்ளையளுக்குக் கடலத் தெரியாதா? நான் மறைச்சா ஆருக்கு மறையும்?" பழைய வசனத்தையே சொல்லப் போனாள். சாக்கின்மேல் நின்று ஆறு தரம் முயன்றாள். 'கடலே' என்ற சொல்லோடு குரல் உடைந்து நின்றது. ஏழாம் தரம் சத்தமே வரவில்லை, கால்களும் மரக்கட்டை போல அசையாமல் நின்றன. வேறு ஆள் பார்க்கச் சொல்ல வேண்டியதுதான் என்று நான் மனதுக்குள் தோற்றுவிட்டேன். தோற்காதவர் அன்வர். உள்ளே போனார், குனிந்தார், அவளின் காலடியிலிருந்து நாலு சாக்கையும் ஒவ்வொன்றாக உருவி எடுத்தார். "அக்கா, மிதிங்க" என்றார்.

"சத்தம் விழுமே தம்பி."

"விழட்டும். மிதிங்க."

மிதித்தாள். முதலில் மெல்ல, பிறகு பலகை அதிர. அச்சகக்காரர் கீழே இயந்திரத்தைத் தானாகவே நிறுத்திவிட்டார். படத்தில் டோமா படகின் கயிற்றை அவிழ்த்து வாயைத் திறந்தான். அதே அளவு மூச்சில், நான் எழுதாத ஒரு வசனம் வந்தது.

"கடலே, நான் இன்னும் இருக்கன்!"

அன்வர் அழுதுகொண்டே நிறுத்தும் பொத்தானை அழுத்தினார். இரண்டாம் தரம் எடுக்கவில்லை. அந்த 'தொம் தொம்' என்ன சத்தம் என்று கொழும்பிலிருந்து கேட்டபோது, படகின் இயந்திரச் சத்தம் என்று கூசாமல் சொன்னேன். நல்லாயிருக்கு, இனி எல்லா வாரமும் போடுங்கள் என்றார்கள்!

ஞாயிறு பத்து மணிக்கு அன்வர் கொண்டுவந்த தொலைக்காட்சிக்கு முன்னால் முகாமே கூடியிருந்தது. டோமா வந்தான், கத்தினான். பிள்ளைகள் எழும்பிக் கூச்சல் போட்டதில் அடுத்த ஐந்து நிமிட வசனம் ஒருவருக்கும் கேட்கவில்லை. நான் இரவு பகலாக எழுதிய வசனம்! அதற்காக நான் கோபிக்காத ஒரே நாள் அதுதான். சுகி மட்டும் வகுப்பறைக்கு ஓடினாள். திரும்பி வந்து, பென்சில் படத்தை ரூபியின் மடியில் வைத்தாள். "இது இனி அங்க இருக்கத் தேவயில்ல" என்றாள்.

தொடர் முடிந்தது. வேறு தொடர்கள் வந்தன. ரூபி நரியானாள், ரோபோவானாள், மூன்று தலைப் பூதத்தில் இரண்டு தலையானாள். மற்றத் தலை அன்வர். ஆனாலும் அவள் மனதில் ஒரு குறை இருந்தது. வாவிக்கு மேற்கே படுவான்கரையில் சண்டைக் காலம் முழுக்க மின்சாரமும் இல்லை, தொலைக்காட்சியும் இல்லை. அந்தப் பிள்ளைகளுக்கு டோமா என்றால் யாரென்றே தெரியாது. போர் முடிந்த ஆண்டு, அங்குள்ள கரடியனாறு என்ற ஊருக்கு டோமாவை மேடை நாடகமாகக் கொண்டுபோவோம் என்று குதித்தாள். கொழுப்பு வைத்த உடம்பு, நரைத்த தலை, இதில் பன்னிரண்டு வயசுப் பையனா என்று நான் பகிடி பண்ணினேன். "என்ட வாயப் பாக்காத, காலப் பார்" என்றாள்.

உழவு இயந்திரத்தின் இழுவைப் பெட்டிதான் படகு. தொப்பி போட்ட ரூபியைக் கண்டதும் பிள்ளைகள் கெக்கட்டம் விட்டுச் சிரித்தார்கள். பெரியவர்கள் சிரிக்கவில்லை. ஒவ்வொரு வீட்டிலிருந்தும் சண்டைக் காலத்தில் போய்த் திரும்பி வராத ஒருவர் இருந்தார், சிரிப்பதா என்று தெரியாமல் கைகட்டி நின்றார்கள். ரூபி பெட்டியின் இரும்புத் தட்டை மிதிக்கத் தொடங்கினாள். அந்தச் சத்தம் வயல் வட்டை கடந்து போயிருக்கும். சிரிப்பு அடங்கியது. "கடலே, நான் இன்னும் இருக்கன்!" என்று கத்தினாள். முன்வரிசையில் இருந்த ஒரு சிறுமி, ஒருவரும் சொல்லிக் கொடுக்காமல், எழும்பி நின்று திருப்பிக் கத்தினாள்: "நாங்களும் இருக்கம்!" பிறகு எல்லாப் பிள்ளைகளும் கத்தினார்கள். ஏறக்கூடியவர்கள் எல்லாரும் பெட்டியில் ஏறி மிதித்தார்கள். கைகட்டி நின்ற ஒரு தகப்பன் கையை அவிழ்த்துப் பெட்டி சரியாமல் பிடித்துக்கொண்டார். நாடகம் பாதியில் நின்றுபோனது. அதைவிட நல்ல முடிவு எழுத எனக்குத் தெரியாது.

கடைசியாக ஆஸ்பத்திரியில் பார்த்தபோது அவளுடைய குரல் மெலிந்திருந்தது. பென்சில் படத்தை ஒரு பொலித்தீன் உறையில் போட்டுத் தலையணைக்குக் கீழே வைத்திருந்தாள். என் கையில் தந்தாள். "மச்சாள், என்ட படத்துக்கு எவ்வளவு பூவும் வை, எனக்கு ஆசதான். அவனுக்கு மட்டும் வெச்சிராத. அந்தப் பிள்ளைக்கு வாக்குக் குடுத்தன்." போர்வைக்குள்ளே அவள் கால் மெல்ல அசைந்தது.

அடக்கத்துக்கு சுகி வந்திருந்தாள். இப்போது அவள் மருத்துவத் தாதி. என்னைக் கட்டிக்கொண்டு, "டோமா எங்க?" என்றுதான் முதலில் கேட்டாள். பத்திரமாக இருக்கிறான் என்றேன்.

ரூபியிடமிருந்து எனக்கென்று இருப்பது அந்தக் கொப்பித் தாள் ஒன்றுதான். இன்று காலை என் சுவரில் ரூபவதியின் படத்தை மாட்டி, முழம் முழமாய் மல்லிகை போட்டேன். பக்கத்தில் டோமாவை மாட்டினேன். அவனுக்குப் பூ இல்லை. பிறகு வாசற்கதவைச் சாத்தி, செருப்பைக் கழற்றிவிட்டு, அறுபது வயசு தாண்டிய இந்தக் காலால் தரையை ஓங்கி மிதித்தேன்.