பெயருக்கு முன்னால் ஒரு சுறா

பெற்றவர்கள் வைத்த பெயர் யாருக்கும் போதுவதில்லை என்பதால்தான் எங்கள் அச்சகத் தொழிலே ஓடுகிறது. எங்கள் பக்கத்தில் பெயருக்கு முன்னால் ஒரு பட்டம் இல்லாமல் காதுகுத்துப் பத்திரிகைகூட அடிக்க முடியாது. அடுத்தவர் பெருமையை அச்சு எழுத்தில் கோர்த்துக் கோர்த்தே கண்ணைக் கெடுத்துக்கொண்டவர்கள் உங்களில் யாராவது இருந்தால், இதைப் படித்துவிட்டு ஒரு பெருமூச்சு விடுங்கள். எனக்குக் கேட்கும்.

திண்டிவனத்தில் ஈய எழுத்துக் கோர்ப்பவனாகத் தொடங்கி, விழுப்புரத்தில் ஃபிளெக்ஸ் அடிக்கிறவனாக முடிந்தவன் நான். சிங்கங்களை அச்சடித்துச் சலித்தேன். யானை, கழுகு எல்லாம் வந்து போயின. ஆனால் கடலே இல்லாத ஊரில் சுறா என்ற பெயர் பட்ட பாடு இருக்கிறதே, அதைப் போல இன்னொன்றை நான் பார்க்கவில்லை.

பல் போதவில்லை

தொண்ணூற்று மூன்றில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலைத் தரகர் ராமலிங்கம் விசிட்டிங் கார்டு அடிக்க எங்கள் திண்டிவனம் அச்சகத்துக்கு வந்தார். மண்டியில் ஒரு வழக்கம் உண்டு. விவசாயி மூட்டையைப் பிரித்ததும் தரகர் மாதிரிக்கு ஒரு கை அள்ளிப் பார்ப்பார். பார்த்ததைத் திருப்பிப் போடும் வழக்கம் மட்டும் கிடையாது. ராமலிங்கத்தின் கை கிட்டத்தட்ட ஒரு முறம். சாயங்காலம் பார்த்தால் அவர் காலடியில் மாதிரிக்கு அள்ளியது மட்டுமே ஒரு மூட்டை சேர்ந்திருக்கும். மயிலம் பக்கத்து விவசாயிகள் வயிற்றெரிச்சல் தாங்காமல் அவருக்கு வைத்த பெயர்தான் சுறா. முதுகுக்குப் பின்னால் மட்டும் சொல்லிக்கொள்வார்கள்.

அது எப்படியோ அவர் காதுக்குப் போய்விட்டது. நீங்களும் நானுமாக இருந்தால் வெட்கத்தில் கொஞ்ச நாள் தலை காட்டியிருக்க மாட்டோம். அவருக்கோ பெருமை பிடிபடவில்லை. ஊரே தன்னைக் கண்டு நடுங்குகிறது என்று எடுத்துக்கொண்டார். தான் உள்ளே வந்தால் மண்டியில் பேச்சு நிற்க வேண்டும், அவ்வளவுதான் அவருடைய வாழ்நாள் ஆசை. முதுகுக்குப் பின்னால் சொல்வதை முகத்துக்கு நேரே சொல்ல வைக்கத்தான் கார்டு.

'சுறா ராமலிங்கம்' என்று கோர்த்துக் கொடுத்தேன். படமும் வேண்டும் என்றார். எங்களிடம் இருந்த ஒரே மீன் பிளாக், ஒரு கருவாட்டுக் கடை நோட்டீசுக்காகச் செய்தது. யாரையும் கடித்தறியாத சாதுவான மீன். முதலாளி யோசனைப்படி ஊசியால் அதன் வாயில் பல் பல்லாகக் கீறி, டிரெடில் மெஷினில் ஏற்றி ஒரு புரூஃப் எடுத்துக் கொடுத்தேன். ராமலிங்கம் அதை ஜன்னலோரம் கொண்டுபோய், எட்டப் பிடித்தும் கிட்டப் பிடித்தும் பார்த்தார். பிறகு என்னிடம் திருப்பிக் கொடுத்துச் சொன்னது:

"பயம் வர்லியேபா. பல்லு பத்தல, இன்னும் ரெண்டு வைய்யி."

சுறாவுக்கு மேலே

கார்டு ஊருக்குள் சுற்ற ஆரம்பித்ததும் மற்றவர்களுக்குத் தூக்கம் போய்விட்டது. முதலில் எதிர் மண்டித் தரகர் வந்தார். சுறாவை விழுங்குகிற மாதிரி ஏதாவது இருக்கிறதா என்று கேட்டார். திமிங்கலம் இருக்கிறது என்றேன். அவர் திமிங்கலமாகிப் போனார். அவர் உடம்பைப் பார்த்தவர்களுக்கு அந்தப் பெயர் பொருத்தமாகத்தான் பட்டது.

அடுத்து வந்தவர் லாரி வைத்திருப்பவர். இரண்டு பேரையும் ஒரே அடியாக அடிக்க வேண்டும் என்றார். திமிங்கலத்துக்கு மேலே மீன் கிடையாது, கடல்தான் இருக்கிறது என்று விளையாட்டாகச் சொல்லிவைத்தேன். மனிதர் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்து யோசித்தார். டீ வந்தது, குடித்தார். கடல் என்றால் அதற்குள் சுறாவும் திமிங்கலமும் குடியிருக்கும், அவர்களுக்கு வீடு கட்டிக் கொடுத்த மாதிரி ஆகிவிடும் என்பது அவர் கவலை. கடைசியில் முகம் மலர்ந்து என் தோளைத் தட்டினார்:

"கப்பல்னு போடுபா. எல்லாத்துக்கும் மேல போய்க்கினே இருக்கும்."

மஞ்சள் நீராட்டு

ஃபிளெக்ஸ் வந்தது. ஈய எழுத்தில் இரண்டு விரல் அகலத்துக்குள் அடங்கியிருந்த பெருமையெல்லாம் வீட்டுச் சுவர் அளவுக்கு வளர்ந்துவிட்டது. நான் விழுப்புரத்துக்கு மாறியிருந்தேன். ராமலிங்கம் தன் மகள் மலர்விழியின் மஞ்சள் நீராட்டு விழாவுக்கு பேனர் அடிக்க, மனைவி மகளோடு என்னைத் தேடி அங்கேயே வந்துவிட்டார்.

எங்கள் ஊர்ப் பக்கம் அந்த விழாவுக்கு பேனர் வைக்காவிட்டால் கௌரவக் குறைச்சல். சரி, வைக்கட்டும். ஆனால் அவர் சொன்னபடி செய்து முடித்தபோது அந்தப் பெண்ணின் படம் ஒரு மூலையில் தபால்தலை போல் இருந்தது. அவளைவிடப் பெரிதாக அப்பா. அப்பாவைவிடப் பெரிதாக, வாயைப் பிளந்துகொண்டு தண்ணீரிலிருந்து எகிறும் ஒரு சுறா. 'சுறாவின் செல்ல வாரிசு' என்று கீழே சிவப்பு எழுத்து. விழா யாருக்கு என்று கேட்டால் மீனுக்கு என்றுதான் யாரும் சொல்வார்கள். அந்தப் பெண் மெதுவாக, "அப்பா, மீனு வேணாம்பா" என்றாள். "சும்மா இரு, உனக்கு இன்னா தெரியும்" என்றார் அவர். பேனரை அவள் பள்ளிக்கூடத்துக்கு பஸ் ஏறும் நிறுத்தத்திலேயே கட்டப்போவதாகவும் சொன்னார். எனக்கு அந்தப் பெண்ணை நிமிர்ந்து பார்க்கவே கஷ்டமாக இருந்தது.

அச்சாகி வந்த பேனரைத் தரையில் விரித்துக் காய வைத்திருந்தோம். மாதா கோயில் தேர்த் திருவிழாவுக்கு பேனர் சொல்ல வந்திருந்தார் மரக்காணம் பக்கத்து மீனவர் அந்தோணி. சுற்றி வந்து பார்த்தார். ராமலிங்கத்தைக் காட்டி, இவரைப் பார்த்தால் ஊரே நடுங்குமாம், அதனால்தான் இந்தப் பட்டம் என்று விளக்கினேன். அவரும் பக்கத்திலேயே மீசையைத் தடவிக்கொண்டு நின்றார். அந்தோணி மரியாதையாகவே சொன்னார்:

"இதுக்கா சார் பயப்படறாங்க? எங்க ஊட்ல இத மஞ்ச போட்டு அவிச்சி, உதுத்து, புட்டு பண்ணி, புள்ள பெத்தவளுக்குக் குடுப்போம்."

விளக்கு மீன்

ஒரு உள்ளாட்சித் தேர்தல் முடிந்த கையோடு ஒருவர் மனைவியோடு வந்தார். அவர் வார்டு பெண்களுக்கானது என்று ஆகிவிட்டதால் மனைவியை நிறுத்தி ஜெயிக்க வைத்தவர். கவுன்சிலர் அந்த அம்மாள். கூட்டத்துக்குப் போவது, பேசுவது, மாலை வாங்குவது எல்லாம் இவர். நன்றி அறிவிப்பு பேனரில் தனக்குப் புதிதாக ஒரு மீன் பட்டம் வேண்டும் என்றார். சுறா பழசாகிவிட்டதாம், யாரும் மதிப்பதில்லையாம்.

கம்ப்யூட்டரில் தேடினேன். நெற்றியிலிருந்து ஒரு குச்சி நீண்டு, அதன் நுனியில் விளக்கு எரிகிற கொடூரமான மீன் ஒன்று வந்தது. தூண்டில் மீன் என்று பெயர். ஆழ்கடல் இருட்டில் விளக்கைக் காட்டி நிற்கும், வெளிச்சம் என்று நம்பி வருவதையெல்லாம் விழுங்கும் என்று படித்துச் சொன்னேன். மனிதர் துள்ளிவிட்டார். "நம்ம ஆழ்கடல் தூண்டிலே" என்று போடச் சொன்னார். "மக்களுக்கு வெளிச்சம் காட்டறோம் இல்ல, கரெக்டா கீதே" என்றார். விழுங்குவதைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை.

நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். மேலே படித்துவிட்டேன். விளக்கு பெண் மீனுக்கு மட்டும்தான். ஆண் மீன் சுண்டு விரல்கூட இருக்காது. பெண்ணின் வயிற்றைக் கடித்து ஒட்டிக்கொள்ளும். பிறகு கண் போய், துடுப்பு போய், அவள் உடம்போடு உடம்பாகி, அவள் தின்பதிலேயே காலம் தள்ளும். அவர் முகம் சுருங்கிவிட்டது. வேறு மீன் பார்க்கச் சொன்னார். அதுவரை ஓரமாக உட்கார்ந்திருந்த கவுன்சிலரம்மா அப்போதுதான் வாயைத் திறந்தார்:

"எதுக்கு மாத்தறீங்க? அதயே போடுங்க சார், எங்க வார்டு நெலவரம் அதான்."

வெளியூர் ஆளா?

அதற்கப்புறம் சில வருடங்கள் கழித்து ராமலிங்கம் வந்தார். மீசை நரைத்திருந்தது. மண்டிப் பக்கம் போவதை விட்டுவிட்டார். மலர்விழி விக்கிரவாண்டிப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர். அவளோடு வேலை பார்க்கும் பையனுக்கே அவளைக் கட்டிக் கொடுப்பதாக முடிவாகியிருந்தது. பையன் வீடு மயிலத்துக்குப் பக்கத்துக் கிராமம். சொந்தபந்தம் முழுக்க மல்லாட்டை போடுகிற குடும்பங்கள்.

உங்களுக்குப் புரிந்திருக்கும். பத்திரிகை நீட்டப்போவது அவர் கை நுழையாத மூட்டையே இல்லாத ஊரில். அந்தப் பெயர் அங்கே போனால் சிரிப்பார்கள், இல்லை, சண்டைக்கே வருவார்கள், பையனைப் பெற்றவர் பின்வாங்கினால் மகள் கல்யாணம் நின்றுவிடும் என்று பயந்துபோயிருந்தார். ஊரைப் பயமுறுத்தவே பிறந்தவர் என் எதிரே கையைப் பிசைந்துகொண்டு உட்கார்ந்திருந்ததைப் பார்க்க, உண்மையைச் சொல்கிறேன், முதலில் எனக்கு இனித்தது. 'திரு. ராமலிங்கம்' என்று மட்டும் போட்டு அடித்துக் கொடுத்தேன். அத்தனை மொட்டையான பெயரை என் வாழ்க்கையில் அச்சடித்ததில்லை.

அவர் திண்டிவனத்தில் முதலில் கொடுக்கத் தொடங்கினார். ஆள் இல்லாத வீட்டில் கதவிடுக்கில் செருகிவிட்டும் வந்திருக்கிறார். பத்திரிகையின் அடியில் அச்சகத்தின் போன் நம்பர் இருக்கும் அல்லவா, எனக்கு போன் வர ஆரம்பித்தது. யார் வீட்டுக் கல்யாணம், தப்பான விலாசத்துக்கு வந்துவிட்டதா என்றெல்லாம் விசாரித்தார்கள். இருபது வருடம் அவருக்கு தினமும் டீ ஆற்றிக் கொடுத்தவரே கூப்பிட்டார்:

"அண்ணே, யாருண்ணே இந்த ராமலிங்கம், வெளியூர் ஆளா?"

ஒரே பத்திரிகை

இப்போது ராமலிங்கம் நிஜமாகவே வலையில் மாட்டிக்கொண்டார். பட்டத்தைப் போடாவிட்டால் திண்டிவனத்திலிருந்து யாரும் வரமாட்டார்கள், பெண் வீட்டுப் பந்தி காலியாகக் கிடக்கும். போட்டால் மயிலத்துக்காரர்கள் வந்து என்ன பேசுவார்களோ தெரியாது. கடைசியில் அவரே ஒரு வழி கண்டுபிடித்தார். இரண்டு விதமாக அடிப்பது. திண்டிவனத்துக்குச் சுறா, மயிலத்துக்கு வெறும் ராமலிங்கம். "ஜல்தியா முடிச்சிக் குடுபா, ஒரே பேஜாரா கீது" என்று கெஞ்சினார். இந்தக் குரலை இவரிடம் நான் கேட்டதே இல்லை. அப்போது எனக்கு இனிக்கவில்லை.

இரண்டு புரூஃபையும் மேஜையில் பரப்பியிருந்தபோது மலர்விழி உள்ளே வந்தாள். பள்ளிக்கூடம் விட்டு நேராக வந்திருக்கிறாள். இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்த்தாள். யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. "சார், ஒண்ணே போதும். சுறா போட்டதயே அடிங்க" என்றாள் என்னிடம்.

ராமலிங்கம் பதறிப்போனார். "ஏம்மா, மாப்ள ஊட்ல தெரிஞ்சிதுன்னா?"

"அவங்களுக்குத் தெரியும்பா. பாத்துப் பேசின மொத நாளே நானே சொல்லிட்டேன். அவங்க அப்பாவும் உங்ககிட்ட மூட்ட போட்டவருதான். அந்தக் கை அவருக்கு நல்லா ஞாபகம் இருக்குதாம்."

"அப்புறம் இன்னாத்துக்குமா அந்தப் பேரு? தெரிஞ்சும் பொண்ணு எடுக்கறாரே, அவருகூட மன்னிச்சிட்டாருன்னா உட்டுடலாமே."

"மன்னிச்சிட்டேன்னு அவரு சொல்லல. நீ நல்ல பொண்ணுமா, நீ வாம்மான்னுதான் சொன்னாரு."

ராமலிங்கத்துக்கு அதைவிடப் பெரிய அடி எதுவும் இருக்க முடியாது என்று நினைத்தேன். இருந்தது. அவள் கோபமாகக்கூடப் பேசவில்லை. பேனர் கட்டிய நாளிலிருந்து மனதில் அடுக்கி வைத்திருந்ததை எடுத்து வைக்கிற மாதிரி பேசினாள்:

"பஸ் ஸ்டாப்ல, ஸ்கூல்ல, காலேஜ்ல, எங்க போனாலும் சுறா பொண்ணு, சுறா பொண்ணுன்னு கூப்ட்டுக்கினே இருந்தாங்க, நானும் திரும்பிப் பாத்துக்கினே இருந்தேன், இப்ப வெக்கமா கீதுன்னு நீங்க மட்டும் ராமலிங்கமா ஆயிட்டா, நான் யாரு பொண்ணுப்பா?"

பத்திரிகை சுறாவோடுதான் போனது, கல்யாணமும் இரண்டு ஊர்க்காரர்களும் வர நன்றாகவே நடந்தது, ஆனால் ஆசைப்பட்டு ஏற்றிக்கொண்ட பட்டத்தை இறக்கி வைக்கத்தான் எங்கள் தொழிலில் இன்னும் ஒரு மெஷின் வரவில்லை.