பேனாவைத் தூக்காமல் போட்ட கையெழுத்து

சின்னவள் ஜெயித்ததையெல்லாம் சொல்ல ஆரம்பித்தால் அவளுடைய அக்கா பெரியவளுக்கு மூச்சு வாங்கும். பிறந்தபோது "இது தேறாது" என்றார்கள், தேறினாள். பள்ளிக்கூட வாசலை மிதிக்காமல் தையல் கற்றாள். "கைநாட்டு" என்று மாமியார் குத்திக்காட்டிக்கொண்டிருக்கும்போதே பள்ளிப் பிள்ளைகளுக்கெல்லாம் சீருடை தைத்துக் கொடுத்தாள். கோர்ட்டு வரைக்கும் போயும் கடையை விட்டுக்கொடுக்காமல் திரும்பினாள்.

கடை என்பது ஒரே அறைதான். கணவர் வெட்டுவார், இவள் தைப்பாள். அங்கே இருவருக்கும் ஒரு சொல் பிசகாது. வீட்டுக்குப் போய்விட்டால் எலியும் பூனையும். தட்டு பறக்கத் தொடங்கியதும் சின்னவள் மகளோடும் ஒரு தையல் மிஷினோடும் அக்கா வீட்டுக்கு வந்துவிட்டாள். அவர் மணவிலக்குக் கேட்டு வழக்குப் போட்டார், கடையும் தனக்கே என்றார். கடை போனால் இவளுக்குப் பிழைப்பே போச்சு.

நீதிபதி அவர்களைச் சமரச மையத்துக்கு அனுப்பினார். முதல் தடவை பெரியவளும் மாமியாரும்தான் மாறி மாறிப் பேசினார்கள். சம்பந்தப்பட்ட இருவரும் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அடுத்த தடவை சமரசம் பேசும் அம்மா கையைக் காட்டி நிறுத்திவிட்டார்.

"பெரியவங்க ரெண்டு பேரும் கொஞ்சம் வெளிய பெஞ்சில உக்காருங்க. கட்டிக்கிட்டவங்க பேசட்டும்."

பெரியவள் அரை மனதோடு எழுந்தாள். தானில்லாமல் இந்தப் பெண் என்ன பேசிக் கிழிப்பாள்?

"உன் தங்கச்சிக்கு வாய் ஜாஸ்தி," என்று பெஞ்சில் மாமியார் ஆரம்பித்தாள்.

"உங்க பிள்ளைக்குக் கோவம் மூக்கு மேல நிக்குது, அத்தே. அதைச் சொல்லுங்க."

கதவின் தாழ்ப்பாள் சரியாக விழவில்லை. உள்ளே கணவர் ஒரு பையை நீட்டுவது இடுக்கில் தெரிந்தது. மகளுக்குப் புதுச் சீருடை. சின்னவள் விரித்துப் பார்த்தாள், தோள்பட்டையைத் தடவினாள், உள்பக்கம் புரட்டினாள்.

"யாருகிட்ட குடுத்துத் தைச்சீங்க இதை?"

"நீதான் இல்லையே. வேற யாருகிட்ட குடுக்குறது?"

"நீங்க எப்பவும் கோட்டுக்கு வெளிய விரல் கனம் விட்டு வெட்டுவீங்க, அதை உள்ள பிடிச்சுத் தைக்கணும்னு தைச்சவங்களுக்கு எப்படித் தெரியும்? சொல்ல வேணாமா? பாருங்க, தோள் ரெண்டும் தொங்குது. பிள்ளை இதைப் போட்டா சோளக்கொல்லை பொம்மைதான்."

"உனக்கு மட்டும் நான் சொன்னேனா?"

"எனக்குச் சொல்லணுமா?"

அவர் தொங்கும் தோளை மடித்துப் பார்த்தார். பிறகு அந்த அம்மா கேட்டார். "அப்போ கடையில தகராறு இல்ல. வீட்டுலதான், அப்படித்தானே?"

இருவரும் தலையாட்டினார்கள்.

"கடையில மட்டும் சேர்ந்து இருக்க முடியுமா? அங்க சண்டை வராதா?"

"அங்க தட்டு கிடையாதும்மா," என்றாள் சின்னவள்.

"கத்தரிக்கோல் இருக்கே!"

"அதை எறிய மாட்டாரு. முனை மழுங்கிடும்ல."

அவர் சிரித்துவிட்டார். வெளியே மாமியார் பெரியவளின் கையைப் பிடித்துக்கொண்டாள். "சிரிக்கிறானா? என் பிள்ளையா?"

அப்படியே எழுதினார்கள். கல்யாண உறவு முடிந்தது, கடை இருவருக்கும் பொது. மகள் தாயிடம் இருப்பாள், ஞாயிற்றுக்கிழமை அப்பாவிடம். வேலை முடிந்தால் அவரவர் வீடு.

சாட்சிக்காகப் பெரியவளையும் மாமியாரையும் உள்ளே கூப்பிட்டார்கள். குமாஸ்தா பழக்கதோஷத்தில் கைநாட்டு வைக்கும் மைப்பெட்டியைச் சின்னவள் பக்கம் தள்ளினார்.

"வேணாம் சார். பேனா குடுங்க."

பெரியவள் திகைத்தாள். சின்னவள் காகிதத்தை இடது கையால் அழுத்திப் பிடித்தாள், துணியைப் பிடிப்பதுபோல. பேனாவை வைத்தவள் தூக்கவே இல்லை. ஒவ்வொரு எழுத்தும் அடுத்ததோடு ஒட்டிக்கொண்டு வளைந்து வளைந்து போனது. புள்ளி வைக்க மட்டும், ஊசியைத் தூக்குவதுபோல் ஒருமுறை தூக்கி இறக்கினாள்.

தன் வீட்டுக் குப்பைக்கூடையில் விழுந்து கிடந்த துண்டுத்துணிகள் அப்போதுதான் பெரியவளின் நினைவுக்கு வந்தன. அவற்றில் சிவப்பு நூல் கோணல்மாணலாய் ஓடியிருந்தது. மிஷினைச் சரிபார்க்கிறாள் என்றல்லவா நினைத்திருந்தாள்! தங்கை தையலிலேயே எழுதிப் பழகியிருக்கிறாள்.

மாமியார் எட்டிப் பார்த்தாள். மைப்பெட்டியை மூடி வைத்தாள்.

சின்னவள் முதன்முதலாகத் தன் பெயரைக் கையெழுத்திட்டது, 2014 மார்ச் 11, செவ்வாய்க்கிழமை.