கதவுக்கு ஒரு தாழ்ப்பாள்

“நான் ஒண்ணுக்குப் போறதுக்கு மூணு பேரு கையெழுத்துப் போடணுமாய்யா?” என்று வக்கீலம்மா கத்தியபோது, பெரிய குமாஸ்தாவின் கையிலிருந்த ரப்பர் முத்திரை அந்தரத்தில் நின்றது. அவருக்கு நாங்கள் வைத்த பெயரே ‘முத்திரை’தான், குத்தாமல் தும்மக்கூட மாட்டார்.

“எழுதிக் குடுங்கம்மா, மேல அனுப்புறேன்” என்றார் மேசையைப் பார்த்துக்கொண்டு.

“என்னன்னு எழுத? எத்தனை மணிக்கு வரும்னா?”

வராந்தாவில் நின்ற ஆம்பளை வக்கீல்கள் சுவர்ப் பக்கம் திரும்பிச் சிரித்தார்கள். நான் விளக்குமாறோடு நின்றிருந்தேன். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இந்த வாயை இவள் ஆறு மாதம் முன்னால் திறந்திருந்தால் என் வீடு எனக்கு இருந்திருக்கும்.

அந்தக் கோர்ட்டில் கறுப்பு அங்கி போட்ட முதல் பெண் அவள்தான். கட்டடம் கட்டியவனுக்கு அங்கே பொம்பளை வருவாள் என்ற நினைப்பே இல்லை. நீதிபதிகளுக்கு ஒரு கழிப்பறை, வக்கீல்களுக்கு ஒன்று, விலங்கோடு வரும் கைதிகளுக்குக்கூட ஒன்று. அவளுக்கு மட்டும் கிடையாது. அதனால் கோர்ட் நாளில் காலை ஆறு மணிக்கு மேல் ஒரு வாய் தண்ணீர் குடிக்கமாட்டாள். தொண்டை வறண்டால் ஒரு ஏலக்காயைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு வாதாடுவாள். எதிர்வக்கீல் வளவளவென்று இழுத்தால் அதை நறுக்கென்று கடிப்பாள். “சுருக்கா முடிங்கய்யா” என்று அதற்கு அர்த்தம்.

அவளுடைய சீனியர், “நீ பொம்பளைங்க கேஸைப் பாரும்மா” என்று ஜீவனாம்சமும் விதவை வழக்குமாக அவள் பக்கம் தள்ளினார். அப்படித் தள்ளிய கட்டுகளில் ஒன்று நான்.

புருஷன் செத்த மாதமே கொழுந்தன்கள் இரண்டு பேரும் என் வீட்டுக்கு வேறு பூட்டுப் போட்டுவிட்டார்கள். வழக்கு இரண்டு வருடம் நடந்தது. ஜெயிக்கிற வழக்கு என்று எதிர்க்கட்சிக்கே தெரியும். கடைசி நாளன்று அவளுக்குக் காய்ச்சல். டாக்டர் சொன்னார் என்று இரண்டு சொம்பு வெந்நீர் குடித்துவிட்டு வந்திருந்தாள். பதினோரு மணிக்கு முகம் வெளுத்தது. “பத்து நிமிஷத்துல வந்துடுறேன், அசையாம உட்காருக்கா” என்று சொல்லிவிட்டு, தெருவைத் தாண்டி மருந்துக்கடைக்காரர் வீட்டுக் கொல்லைப்பக்கம் ஓடினாள். அவள் திரும்புவதற்குள் என் பெயரைக் கூப்பிட்டார்கள்.

“உன் வக்கீல் எங்கேம்மா?”

“இதோ வந்துக்கிட்டே இருக்காங்கய்யா.”

நீதிபதி கடிகாரத்தைப் பார்த்தார். வக்கீல் ஆஜராகவில்லை, வழக்கு தள்ளுபடி.

மறுபடி எடுக்கச் சொல்லி மனுப் போடலாம். ஏன் வரவில்லை என்று அதில் எழுதவேண்டும், அவ்வளவுதான். அன்று சாயங்காலம் முழுக்கப் பேனாவைத் திறந்தாள், மூடினாள். சட்டப் புத்தகத்தைத் தலைகீழாக ஒப்பிக்கிறவளுக்கு அந்த ஒரு வார்த்தை எழுத வரவில்லை. ‘தவிர்க்க முடியாத காரணம்’ என்று எழுதினாள். “என்ன காரணம்?” என்றார் நீதிபதி. சுற்றிலும் இருபது ஆம்பளைகள். ஏலக்காயைக் கடித்தாள், வாயைத் திறக்கவில்லை. நானே சொல்கிறேன் என்று எழுந்தேன். முந்தானையைப் பிடித்து இழுத்து உட்காரவைத்தாள். மனுவும் போயிற்று. மேல்கோர்ட்டுக்குப் போவதற்குள் கொழுந்தன்கள் வீட்டை விற்றுவிட்டார்கள்.

எனக்குக் கோர்ட்டில் பெருக்குகிற வேலை வாங்கித் தந்தாள். தன் வீட்டுப் பின்னறையையும் தந்தாள். ரோஷமாக வேண்டாம் என்று சொல்ல எனக்கு வேறு கூரை இல்லை.

அவள் கத்திய பிறகு முத்திரை இறங்கி வந்தார். ரெக்கார்டு ரூமுக்குப் பின்னால், உடைந்த பெஞ்சுகளை அடைத்து வைத்திருந்த பழைய கழிப்பறையைத் திறந்துவிட்டார். கதவு இருந்தது, தாழ்ப்பாள் இல்லை.

“நாமளே ஒண்ணு வாங்கி அடிச்சுடலாமே?” என்றேன்.

“கோர்ட்டுக் கதவுக்குக் கோர்ட்டுதான்க்கா போடணும். நான் என் காசுல போட்டா, நாளைக்கு வர்ற பொண்ணும் அவ காசுலதான் போடணும்.”

வருடத்துக்கு ஒரு கடிதம் எழுதினாள், எதையும் மறைக்காமல். முத்திரை ஒவ்வொன்றிலும் குத்தி உள்ளே வைத்தார். நான் ஓய்வு பெறும்வரை உள்ளே அவள், வெளியே கதவைப் பிடித்துக்கொண்டு நான். “சீக்கிரம் வா, நீ வர்றதுக்குள்ள யார் வீடாவது போயிடப் போவுது” என்பேன். உள்ளே ஏலக்காய் நறுக்கென்று கடிபடும்.

நீதிபதிப் பட்டியலில் மூன்று தடவை அவள் பெயர் போய்த் திரும்பி வந்தது. அவளிடம் ஜூனியராக இருந்து கட்டுத் தூக்கியவர் நீதிபதியானார். அவளுக்குக் கிடைத்தது ஒரு கெட்டுப்போன சிறுநீரகம். இப்போது வயது எழுபத்தைந்து. ஒரு நாளைக்கு மூன்று லிட்டர் தண்ணீர் குடிக்கச் சொல்கிறார் டாக்டர். டம்ளரைக் கையில் எடுத்ததும் இன்றைக்கும் முதலில் கடிகாரத்தைத்தான் பார்க்கிறாள்.

போன வெள்ளிக்கிழமை புதுக் கோர்ட் கட்டடத்தில் அவள் படத்தைத் திறந்துவைத்தார்கள். திறந்தவர் அந்தப் பழைய ஜூனியர். “பெண்களுக்கு இந்தக் கதவைத் திறந்துவிட்டவர் இந்த அம்மாதான்” என்று பேசினார். எல்லோரும் கைதட்டினார்கள்.

“மூடத்தான் முடியலை” என்றாள் என் காதில்.

நடுவில் எழுந்தாள். நானும் கூடப் போனேன். மூன்றாவது மாடியில் பளபளவென்று கழிப்பறை, ஆள் உயரக் கண்ணாடி. உள்ளே ஒரு பெண் வக்கீல். வெளியே இன்னொருத்தி கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள், நான் நின்ற அதே கோலத்தில்.

“தாழ்ப்பாள் பேந்து ஒரு வருஷமாச்சு மேடம். எழுதிக் குடுத்திருக்கோம்.”

“எத்தனை தடவை?”

“ஏழு.”

வக்கீலம்மா அந்தப் பெண்ணின் கையை விலக்கிவிட்டு, தானே கதவைப் பிடித்துக்கொண்டாள். கூட்டம் முடிகிறவரை இருக்கவில்லை. திரும்பும் வழியில் ஹார்டுவேர் கடை வாசலில் ஆட்டோவை நிறுத்தச் சொன்னாள்.

“வீட்டுக் கதவுக்காம்மா?” என்றார் கடைக்காரர்.

“இல்லப்பா” என்றாள். கைப்பையைத் திறக்க அவளுக்கு வெகுநேரம் ஆயிற்று. ‘இதைத்தானே நான் அன்னைக்கே சொன்னேன்’ என்று நாக்கு நுனிவரை வந்தது; முதல் தடவையாக நான் வாயை மூடிக்கொண்டேன்.

தாழ்ப்பாள் நூற்று எண்பது. ஸ்க்ரூ தனி.