பாதி மிதியில் நின்ற வண்டி

மாமா அந்தக் காரை வாங்கிய பிறகுதான், அவருக்கு வயது முப்பத்து மூன்று ஆகிவிட்டது என்பது எங்கள் வீதிக்காரர்களுக்கு ஞாபகம் வந்தது. கார் வந்தாகிவிட்டது, பெண் எப்போது வருகிறது என்று வாசலில் நின்று கேட்டார்கள். மாமா சிரித்துக்கொண்டே பானெட்டைத் துடைப்பார். பதில் சொல்ல வேண்டிய இடத்தில் எல்லாம் எதையாவது துடைக்கிற பழக்கம் அவருக்கு உண்டு.

பீளமேட்டில் ஒரு மில்லில் மின்சாரப் பிரிவில் அவருக்கு வேலை. வீட்டில் நாங்கள் மூன்று பேர்தான். அம்மா அவருக்கு அக்கா. அவர்களைப் பெற்றவர்கள் முன்பே போய்விட்டதால், அம்மாதான் அவருக்குச் சோறு பொங்கிப் போட்டு, பள்ளிக்கூடம் அனுப்பி ஆளாக்கியவள். பிறகு அம்மாவுக்குக் கல்யாணம் ஆனது, நான் பிறந்தேன், நான் தவழ்ந்துகொண்டிருந்தபோதே அப்பா இறந்துபோனார். அம்மா என்னைத் தூக்கிக்கொண்டு தம்பி வீட்டுக்கே திரும்பி வந்துவிட்டாள். மூவருமே அதிகம் பேசாதவர்கள். எனக்குச் சொல்லிக்கொள்கிற மாதிரி கூட்டாளிகளும் கிடையாது. பள்ளிக்கூடம் விட்டு வந்தால் நிற்கிற காருக்குள் ஏறி, கண்ணாடிகளை மேலே ஏற்றிவிட்டு உட்கார்ந்திருப்பேன். வெளியே பிள்ளைகள் விளையாடும் சத்தம் தூரத்தில் கேட்கிற மாதிரி இருக்கும். அது எனக்குப் பிடித்திருந்தது.

கார் மலிவாகக் கிடைத்ததற்கு ஒரு காரணம் இருந்தது. அப்போதுதான் கார்புரேட்டர் இல்லாத வண்டிகள் ஊருக்குள் வர ஆரம்பித்திருந்தன. மெக்கானிக்குகள் பானெட்டைத் திறந்து பார்த்துவிட்டு, "இது கம்ப்யூட்டர் வண்டிங்க, நமக்கு ஆகாதுங்க" என்று மரியாதையாக மூடிவிடுவார்கள். பயந்துபோய் யாரோ விற்றதை மாமா வாங்கியிருந்தார்.

சத்தியமங்கலம் பக்கத்தில் ஒரு பெண் இருப்பதாகத் தகவல் வந்தது. பார்த்துவிட்டு வர ஒரு ஞாயிற்றுக்கிழமை குறித்தார்கள். யார் யார் போவது என்பதில்தான் சிக்கல். அம்மாவின் பெரியப்பா ஒருவர் இருந்தார். எனக்குப் பெரிய அப்புச்சி. குடும்பத்தில் நல்லது கெட்டது எல்லாம் அவர் சொல்படிதான். தாலி இல்லாதவர்கள் பெண் பார்க்கப் போகக் கூடாது என்பது வழக்கம் என்று அவர் நினைவுபடுத்தினார். அம்மா தானே ஒதுங்கிக்கொண்டாள். மாமாதான் கேட்கவில்லை.

"அக்கா வரலீன்னா நானும் வரலீங்க பெரியப்பா. நீங்களே போய்ப் பாத்துப்போட்டு வாங்க."

"நல்லாருக்குது கதை! நான் பாத்து நானே கட்டிக்கறதா?" என்றார் பெரிய அப்புச்சி. ஆனால் கிளம்பும் நேரத்தில் அம்மாவும் காரில் இருந்தாள். அழுது அடம்பிடித்து நானும் ஏறியிருந்தேன். சின்னப் பிள்ளை எதற்கு, பழத்தட்டு வைக்க இடம் இல்லை என்று பெரிய அப்புச்சி சொன்னதை நான் காதில் வாங்கவில்லை. தட்டை மடியில் வைத்துக்கொண்டேன்.

அன்னூர் தாண்டும் வரை வண்டி நன்றாகத்தான் போனது. அதற்கப்புறம் ரோடு காலியாக இருந்ததால் மாமா ஒரே சீராக ஓட்டினார். அப்போதுதான் முதல் குலுக்கல். யாரோ பின்னால் பிடித்து இழுத்து விட்ட மாதிரி. பிறகு இன்னொன்று. பழம் உருண்டது. புளியம்பட்டிக்கு முன்னால் ஒரு பாலத்தில் வண்டி விக்கி விக்கி நின்றே போனது. கிளப்பினால் கிளம்பியது, கொஞ்ச தூரம் ஓடி மறுபடி விக்கியது. எமகண்டம் பிறப்பதற்குள் பெண் வீட்டுப் படி ஏற வேண்டும் என்பது கணக்கு. நாங்கள் போய்ச் சேரும்போது அது பிறந்து வெகுநேரம் ஆகியிருந்தது.

பெண் வீட்டார் அதைப் பொருட்படுத்தவில்லை. "வாங்க, வாங்க, வெயிலுக்கு மோர் குடியுங்க" என்று உபசரித்தார்கள். அந்தப் பெண் என்னைப் பின்கட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய், காற்றில் கலைந்திருந்த என் பின்னலை அவிழ்த்துத் திரும்பப் பின்னிவிட்டாள். இவள் எங்கள் வீட்டுக்கு வந்தால் தினமும் பின்னிவிடுவாள் என்று நினைத்துக்கொண்டேன். அவ்வளவு மெதுவாக யாரும் என் தலையைத் தொட்டதில்லை.

திரும்பும் வழியிலும் வண்டி விக்கியது. முன் இருக்கையில் இருந்த பெரிய அப்புச்சி திரும்பிப் பார்க்காமலே சொன்னார்:

"ஏத்தக் கூடாதவங்கள ஏத்திப்போட்டு, வண்டி இழுக்கலீன்னா எப்படி இழுக்கும்?"

மாமாவின் கழுத்து விறைத்தது. அம்மா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அவர் என்னைத்தான் சொல்கிறார் என்று எனக்குத் தெளிவாகத் தெரிந்தது. வர வேண்டாம் என்று சொல்லியும் ஏறியது நான்தான். என் பாரம் தாங்காமல்தான் வண்டி நின்றுவிட்டது. வீடு வந்து சேரும் வரை இருக்கையில் முழுதாக உட்காராமல், முன் சீட்டைப் பிடித்துக்கொண்டு உடம்பைத் தூக்கியபடியே வந்தேன். வண்டி கொஞ்சம் நன்றாகப் போன மாதிரிகூட இருந்தது.

பெண் வீட்டில் சம்மதம் என்று சொல்லி அனுப்பினார்கள். தடை எங்கள் பக்கத்திலேயே நின்றது. சகுனம் சரியில்லை என்றார் பெரிய அப்புச்சி. அம்மா அதற்கு மேல் ஒரு படி போனாள். இனி இந்தக் கல்யாணக் காரியம் எதிலும் தான் தலைகாட்டப் போவதில்லை என்று சொல்லிவிட்டாள். சொன்னதைக் கோபமாகச் சொல்லியிருந்தால் மாமா சண்டை போட்டிருப்பார். முருங்கைக் கீரை ஆய்ந்துகொண்டே சொன்னாள்.

மாமா மில்லிலிருந்து வந்ததும் சட்டையைக் கழற்றி மாட்டிவிட்டு வண்டியைத் திறந்தார். பிளக்கைக் கழற்றிச் சுத்தம் செய்தார். பெட்ரோல் வரும் குழாயைப் பிரித்துப் பார்த்தார். காற்றுப் போகும் வழியை ஊதினார். எல்லாம் சரியாக இருந்தது. சரியாக இருப்பதைப் பார்க்கப் பார்க்க அவர் முகம் வாடியது. ஒரு மனிதர் தன் வண்டியில் ஏதாவது கெட்டுப்போயிருக்க வேண்டும் என்று அவ்வளவு வேண்டிக்கொண்டதை நான் அப்புறம் எங்கும் பார்த்ததில்லை. நானும் வேண்டிக்கொண்டேன். எதுவும் கெடவில்லை என்றால் மிச்சம் இருப்பது நான் ஒருத்திதான்.

அடுத்த ஞாயிறு காலை, மின்சாரம் அளக்கிற, முள் ஆடுகிற பழைய மீட்டர் ஒன்றை எடுத்து வந்தார். அம்மாவின் தையல் டப்பாவிலிருந்து இரண்டு குண்டூசி வாங்கிக்கொண்டார்.

"அம்மணி, இங்க வா. நீ ஓட்டப் போற" என்றார் என்னிடம்.

இன்ஜினுக்குக் காற்று போகிற தொண்டையின் ஓரத்தில், தீப்பெட்டி அளவில் ஒரு கறுப்புச் சாமான் இருந்தது. நாம் ஆக்சிலேட்டரை எவ்வளவு மிதிக்கிறோம் என்பதை அதுதான் வண்டியின் கம்ப்யூட்டருக்குச் சொல்லுமாம். லேசாக மிதித்தால் கொஞ்சம் மின்சாரம், அழுத்தி மிதித்தால் அதிகம். த்ராட்டில் சென்சார் என்று அதற்குப் பேர். அதன் ஒயருக்குப் பின்னால் குண்டூசியைச் செருகி மீட்டரை மாட்டினார். சாவியைத் திருப்பினார். வண்டியைக் கிளப்பவில்லை.

என் கால் எட்டவில்லை. ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு சீட்டின் நுனிக்குச் சறுக்கி, கட்டைவிரலால் ஆக்சிலேட்டரைத் தொட்டேன். பானெட் தூக்கி நின்றதால் மாமா தெரியவில்லை. அடியில் இருந்த சந்தில் அவருடைய பனியன் மட்டும் தெரிந்தது. குரல் வந்தது.

"மெதுவா மிதி கண்ணு. எறும்பு ஊர்ற மாதிரி."

மிதித்தேன்.

"ஏறுது... ஏறுது... இன்னும்... ஏறுது..."

சட்டென்று குரல் நின்றது.

"அப்படியே வை! அசையாத."

நான் மூச்சையும் நிறுத்திக்கொண்டேன். அவர் திரும்பத் திரும்ப மிதிக்கச் சொன்னார். விடச் சொன்னார். ஒவ்வொரு முறையும் பாதி மிதியில் அவருடைய குரல் அதே இடத்தில் நின்றது. பிறகு பானெட்டுக்குப் பக்கத்தில் அவர் முகம் எட்டிப் பார்த்தது. அழுகிற மாதிரியும் சிரிக்கிற மாதிரியும் இருந்தது.

"அக்கா! இங்க வந்து பாரு. வாக்கா, அடுப்பை விட்டுப்போட்டு வா."

அம்மா கையைத் துடைத்துக்கொண்டு வந்து மீட்டருக்கு முன்னால் நின்றாள். நான் மிதித்தேன். முள் ஒழுங்காக ஏறி, பாதியில் மயக்கம் போட்டது மாதிரி பொத்தென்று கீழே விழுந்து, மறுபடி எழுந்து ஏறியது என்று மாமா பிற்பாடு எனக்கு விரலால் ஆட்டிக் காட்டினார். உள்ளே ஒரு பட்டை இருக்கிறது, அதன் மேல் ஒரு சின்ன விரல் மாதிரி தேய்த்துக்கொண்டே போகும், ஒரே இடத்தில் தேய்ந்து தேய்ந்து பட்டை அற்றுவிட்டது என்றார்.

"இது முன்ன வெச்சிருந்தவரு தெனமும் ஒரே வேகத்துல ஓட்டித் தேச்சதுக்கா. நாம வாங்கறதுக்கு முன்னயே தேஞ்சுபோச்சு. இதுல நீ எங்க வந்த?"

அம்மா குனிந்து முள்ளைப் பார்த்தாள். "தெனமும் மில்லுக்கு ஓட்டீட்டுப் போனயே தம்பி. அப்பெல்லாம் நிக்கலயே. அன்னிக்கு எதுக்கு நின்னுச்சு?"

மாமா அதற்காகவே காத்திருந்த மாதிரி சொன்னார். ஊருக்குள் சிக்னலும் பஸ்ஸும் மாட்டும், மிதிப்போம், விடுவோம். பாதி மிதியில் கால் தங்காது. சத்தி ரோட்டில்தான் ஒரே சீராக அந்த இடத்திலேயே கால் நின்றது. யார் ஏறியிருந்தாலும் அன்றைக்கு நின்றிருக்கும்.

யார் ஏறியிருந்தாலும் என்ற வார்த்தையில் எனக்கு உடம்பே லேசாகிவிட்டது.

"நீ சொன்னாச் செரியாத்தான் இருக்கும்" என்றாள் அம்மா. உள்ளே போய்விட்டாள். மாமா மீட்டரைக் கையில் வைத்துக்கொண்டு வாசற்படியைப் பார்த்தபடி நின்றார்.

உக்கடத்தில் பழைய கார் சாமான் விற்கிற ஒரு பாய் கடைக்கு என்னையும் கூட்டிப் போனார். கடைக்காரர் எடுத்து வைத்த ஒவ்வொரு சென்சாரையும் மாமா மீட்டர் மாட்டி, விரலால் திருப்பி, முள் விழுகிறதா என்று பார்த்தார். இது வேண்டாம், அது வேண்டாம் என்று தள்ளினார்.

"ஏனுங் தம்பி, பொண்ணு பாக்க வந்த மாதிரியல்ல பாக்கறீங்க!" என்றார் பாய். "இதுக்கு ஜாதகமும் வேணுங்களா?"

மாமா எதையும் துடைக்காமல் வாய்விட்டுச் சிரித்தார். கடைசியாக ஒன்று பொருந்தியது.

மாட்டி முடித்ததும், "அக்கா, ஏறு. அன்னூர் வரைக்கும் ஓட்டிப் பாத்துப்போட்டு வரலாம்" என்று கதவைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றார். அம்மா அடுப்பில் பால் இருக்கிறது என்றாள். நாங்கள் இருவரும் மட்டும் போனோம். வேண்டுமென்றே இருக்கையில் நன்றாக அழுந்தி உட்கார்ந்துகொண்டேன். ஒரு குலுக்கல் இல்லை. வண்டி தண்ணீரில் போகிற மாதிரி போனது. திரும்பி வந்ததும் ஓடிப்போய் அம்மாவிடம் அதைச் சொன்னேன். அம்மா என் தலையைத் தடவினாள். அடுப்பில் பால் இல்லை. அடுப்பே எரியவில்லை.

பெண் பார்த்துவிட்டு வந்த அந்த வாரம் முழுக்க அம்மாவும் நானும் ஒரே வீட்டில், ஒரே பாயில், என்னால்தான் என்ற ஒரே எண்ணத்தைத் தனித்தனியாக வைத்துக்கொண்டு படுத்திருந்தோம் என்பது பல வருஷம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது. என்னுடையது ஒரு பழைய சாமானை மாற்றியதும் போய்விட்டது.

பெரிய அப்புச்சியும் ஒருவழியாகச் சம்மதித்தார். முகூர்த்தம் சத்தியில் ஒரு மண்டபத்தில் என்று முடிவானது. எங்கள் பக்கத்துக் கல்யாணத்தில் இணைச்சீர் என்று ஒன்று உண்டு. மாப்பிள்ளையோடு உடன்பிறந்தவள் கூட நின்று செய்ய வேண்டிய சீர். மாமாவுக்கு உடன்பிறந்தவள் ஒருத்திதான். அக்காதான் செய்ய வேண்டும் என்று அவர் பிடிவாதமாக இருந்தார். பெரியவர்கள் கூடிப் பேசுவதற்கு முன்பே, அம்மா பெரிய அப்புச்சியின் மகளைப் பார்த்து, நீதான் செய்ய வேண்டும் அம்மணி என்று சொல்லிவிட்டு வந்திருந்தாள். அந்தச் சித்தி கட்டிக்கொள்வதற்குச் சேலையும் அம்மாவே எடுத்துக் கொடுத்தாள்.

முதல் நாள் மாலை, பூச்சரம் கட்டிய காரில் எல்லாரும் ஏறினார்கள். மாமா வேட்டி சட்டையோடு பின்கதவைத் திறந்து பிடித்தபடி நின்றார். உள்ளே ஒருவர் உட்கார இடம் விட்டிருந்தார்கள்.

"அக்கா, வா."

"நீங்க முன்னால போங்க தம்பி. ஊட்டைப் பூட்டிப்போட்டு நாங்க காலைல பஸ்ஸுல வாரோம்."

"உன்ற கால்ல வேணாலும் உழுகறேன்க்கா."

"மாப்ள கெளம்பற நேரத்துல இதென்ன பேச்சு? பொழுதோட போய்ச் சேருங்க."

மாமா கதவைச் சாத்தினார். கார் திருப்பத்தில் மறையும் வரை அம்மா வாசலில் நிற்கவில்லை. எதிரில் நிற்கக் கூடாது என்று கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தாள்.

மறுநாள் விடிந்ததும் காந்திபுரம் போய்ச் சத்தி பஸ் ஏறினோம். நேரத்தோடு போய்ச் சேர்ந்துவிட்டோம். மண்டபத்து வாசலில் வாழைமரம் கட்டியிருந்தது. அம்மா உள்ளே போகாமல், ரோட்டுக்கு எதிர்ப்புறம் ஒரு டீக்கடை நிழலில் என்னை நிறுத்திக்கொண்டாள். எனக்கு அவசரம். பின்னல் கலைந்திருந்தது, அதைக் கல்யாணப் பெண்ணிடம் காட்ட வேண்டும்.

"கெட்டிமேளம் முடியட்டுங் கண்ணு. அப்பறம் போலாம்."

உள்ளே மேளம் எழுந்தது. அம்மா கண்ணை மூடிக் கைகூப்பினாள். ரோட்டில் போகிற வண்டிகளைத் தவிர எங்களுக்கு முன்னால் எதுவும் இல்லை. காரில் வந்திருந்தால் முன்வரிசையில் உட்கார்ந்து பார்த்திருக்கலாமே என்று எனக்கு ஆத்திரமாக இருந்தது. அம்மா இன்னும் அந்த வண்டிக்குப் பயப்படுகிறாள் என்றுதான் நினைத்தேன்.

"அது இனிமேல் நிக்கவே நிக்காதும்மா. நான்தான மிதிச்சுப் பாத்தேன்."

"ஆமாங் கண்ணு" என்றாள் அம்மா, கூப்பிய கையைப் பிரிக்காமல். "வண்டி நல்லாத்தான் இருக்குது."

எனக்கு அந்தப் பதில் போதுமாக இருந்தது. மேளம் எப்போது முடியும் என்று காத்துக்கொண்டு நின்றேன்.