சேர்த்துக் கட்டிய தவணை

தையல்காரர்கள் எல்லாரும் அவளைக் காஜாக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். சட்டை தைப்பது அவர்கள் பாடு. பட்டன் ஓட்டைகளுக்குக் காஜா எடுத்துத் தருவது அவள் பாடு. அதற்கென்றே ஒரு மெஷினைக் கடனில் வாங்கிப் போட்டிருந்தாள். கணவர் பக்கவாதம் வந்து படுக்கையில் விழுந்த வருடம் கடன் கட்டுவது நின்றுபோனது. கடன் கொடுத்த கம்பெனி வழக்குப் போட்டது.

நீதிபதி அவள் சொன்னதைக் காதுகொடுத்துக் கேட்டார். மெஷினைத் தூக்கிவிட்டால் எதை வைத்துக் கட்டுவாள் என்று கம்பெனி வக்கீலிடம் கேட்டுவிட்டு, மாதாமாதம் தவணையாகக் கட்டலாம் என்று உத்தரவு போட்டார். ஒரு மாதம் தவறினாலும் உத்தரவு செல்லாது, மெஷின் போய்விடும். அதை அவளுக்கு நிறுத்தி நிறுத்திப் படித்துக் காட்டினார்கள். வீட்டில் வந்து சொன்னபோது கணவர் கோணிய வாயால் சிரித்தார்.

"கோர்ட்டே நமக்குத் தவணை எழுதிக் குடுத்திருக்கு. பெரிய மனுஷங்க ஆயிட்டோம்."

ஒழுங்காகக் கட்டி வந்தாள். பள்ளிக்கூடம் திறக்கும் சமயம் சீருடைச் சட்டைகள் மூட்டை மூட்டையாக வந்து இறங்கின. காசு கையில் தங்கியிருக்கும்போதே கட்டிவிடலாம் என்று இரண்டு தவணையைச் சேர்த்துக் கட்டினாள். நூல்கடையில் அவள் கணக்கு எப்போதும் அப்படித்தான். வேலை ஓடும் மாதம் கூடக் கொடுப்பாள். ஓய்ந்த மாதம் கடைக்காரர் வாயே திறக்க மாட்டார். தையல் தெரு முழுக்க அதுதான் நடப்பு.

அடுத்த மாதம் வேலை படுத்துவிட்டது. அவள் அலட்டிக்கொள்ளவில்லை. வந்த சொற்பத்தில் கணவருக்கு மருந்தும் தனக்கு ஒரு மூக்குக்கண்ணாடியும் வாங்கினாள். தவணை தவறியதாக நோட்டீஸ் வந்தபோதுகூட, கட்டிய ரசீதுதான் இருக்கிறதே என்று அதை ஜன்னல் கம்பியில் செருகி வைத்தாள்.

ஒரு காலையில் கோர்ட் அமீனா இரண்டு ஆட்களோடு வந்து நின்றார். அவள் ரசீதை நீட்டினாள். அவர் அதைப் பொறுமையாகவே பார்த்தார்.

"நீங்க கூடக் கட்டினது மொத்தக் கடன்ல கழிஞ்சிடுச்சும்மா. போன மாசத்துக்குன்னு ஒண்ணும் வரலை."

"முன்னாடியே குடுத்தவளா சார் தவறினவ?"

அவர் ரசீதை மடித்து அவளிடமே கொடுத்தார். கோர்ட்டில் மனுப் போட்டுப் பாருங்கள், ஏலத்துக்கு முன்னால் ஏதாவது நடந்தால் உண்டு என்றார், குரலைத் தாழ்த்தி. ஊசிக்கு அடியில் ஒரு சட்டை பாதியில் இருந்தது. அதை மட்டும் முடித்துக்கொள்ளக் கேட்டாள். அவர் தலையசைத்தார். முடித்து, நூலை அறுத்து, ஊசியைக் கழற்றினாள். ஆட்கள் மெஷினின் தலையில் கைவைத்தார்கள்.

"அங்க பிடிக்காதீங்க தம்பி, அடியில பிடிங்க. யார் வாங்கினாலும் ஓடணும்ல."

அவர்கள் அதை வாசல் தாண்டிக் கொண்டுபோனார்கள். உள்ளறையிலிருந்து கணவர், மெஷின் சத்தம் ஏன் நின்றுவிட்டது என்று கேட்டார்.

"கரண்ட் போயிடுச்சு," என்றாள்.

அவர் தலைக்கு மேலே ஃபேன் சுற்றிக்கொண்டிருந்தது. அவர் அதையே பார்த்தபடி கிடந்தார்.