நான் சும்மா துணைக்கு வந்தேன்

போன மாதம் என் ஓரகத்தி வசந்தா அக்கா கார் நிக்கோபார் தீவிலிருந்து வந்திருந்தார். அவர் கணவருக்கு அங்கே அரசாங்க வேலை. அக்கா வந்தது, மகள் கல்யாணத்துக்கு எங்கள் ஊர் அபர்டீன் பஜாரில் புடவை எடுக்க. நான் இழுத்துக்கொண்டு போனது, லம்பா லைனில் எங்கள் வீட்டுக்குப் பக்கத்தில் நடந்த கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய்ப் பரிசோதனை முகாமுக்கு.

“நான் நல்லாத்தானேடி இருக்கேன்?”

“நல்லா இருக்கும்போதுதான்க்கா பார்க்கணும்.”

இந்த விஷயத்தில் நான் டாக்டரை விட நன்றாகப் பேசுவேன்.

முகாம் பத்து மணிக்கு. சிறப்பு விருந்தினர் வந்தது பன்னிரண்டரைக்கு. மேடையை அடைத்துக்கொண்டு ஒரு ஃப்ளெக்ஸ் பேனர். அதில் ஆறு முகங்கள் — ஆறும் ஆண்கள். முன்வரிசை சோபாவும் அவர்களுக்கே. கர்ப்பப்பை உள்ளவர்கள் பின்னால், பிளாஸ்டிக் நாற்காலியில்!

விருந்தினர் நாற்பது நிமிஷம் பேசினார். தாய்மை, தியாகம், தீவின் வளர்ச்சி... எல்லாம் வந்தது. கர்ப்பப்பை வாய் மட்டும் வரவில்லை. “லேடீஸுக்கு வருமே, அந்த... அந்தப் பிரச்சினை” என்று நெளிந்தார். பெயரைச் சொல்லவே கூசுகிறவரை எதற்கு ஐயா திறந்து வைக்கக் கூப்பிட்டீர்கள்?

விருந்தினரும் சமோசாவும் ஒன்றாகக் காலியான பிறகு வேலை ஆரம்பித்தது. ஃபாரத்தில் ஒரு கட்டம்: கணவர் கையெழுத்து.

“தீதி, ஹஸ்பெண்ட் சைன் இல்லாம நஹி ஹோகா” என்றார் மேஜையில் இருந்த ஊழியர்.

“அவர் கார் நிக்கோபார்ல இருக்கார்.”

“அப்போ அடுத்த கேம்ப்புக்கு வாங்க.”

அக்கா குரலை உயர்த்தினார். “ஏன் சார், என் கர்ப்பப்பையை அவர்கிட்ட இருந்து வாடகைக்கா எடுத்திருக்கேன்?”

பக்கத்தில் நின்ற தெலுங்கு நர்ஸம்மா சிரித்தபடி ஃபாரத்தை வாங்கி, அந்தக் கட்டத்தின் மேல் ஒரு கோடு இழுத்தார். முடிந்தது.

முடியவில்லை. கட்டில் இருந்தது, மறைப்பு இல்லை! மாலையும் பொன்னாடையும் ஞாபகமாக வாங்கியவர்களுக்கு ஒரு திரைச்சீலை தோன்றவில்லை. நர்ஸம்மா விறுவிறுவென்று மேடையேறி பேனரை அவிழ்த்தார்.

“அரே, சாப் லோக் கா போட்டோ!” — பெரிய மனிதர்கள் படமாயிற்றே என்று ஊழியர் பதறினார்.

“முகத்தை வெளிப்பக்கமா வச்சுக் கட்டறேன். போதுமா?”

கட்டினார். அந்த ஆறு பேரும் பெண்களுக்காக உருப்படியாக ஒரு வேலை செய்தது அப்போதுதான்.

கொஞ்ச நேரத்தில் அக்கா வெளியே வந்தார். “எல்லாம் நார்மலாம். இவ்வளவுதானாடி?”

நர்ஸம்மா என்னைப் பார்த்தார். “நீங்க?”

“நான்... சும்மா துணைக்கு வந்தேன்.”

“கடைசியா எப்போ டெஸ்ட் பண்ணீங்க?”

எனக்கு வயது நாற்பத்து மூன்று. பெண்கள் உடம்பைக் கவனிக்க வேண்டும் என்று இதே பத்திரிகைப் பத்தியில் உங்களுக்கு எத்தனை உபதேசம் செய்திருக்கிறேன்! பதில்: ஒரு தடவைகூட இல்லை. இன்றைக்கு டைம் இல்லை, அப்புறம் பார்க்கலாம் என்று என்னென்னவோ சொன்னேன். மேடையில் நெளிந்தவருக்கும் எனக்கும் என்ன வித்தியாசம்?

அக்கா என் ஹேண்ட்பேகைப் பிடுங்கினார். “உள்ளே போடி.”

போனேன். நர்ஸம்மா ஏதோ மருந்தைத் தடவி, ஒரு நிமிஷம் பொறுத்து, டார்ச் அடித்துப் பார்த்தார். மறுபடி குனிந்து பார்த்தார்.

“இங்க கொஞ்சம் வெள்ளையா தெரியுது தீதி. கேன்சர்னு அர்த்தம் இல்ல. ஆனா ஆஸ்பத்திரியில காட்டியே ஆகணும்.”

வெளியே வந்து அக்காவிடம் சொன்னேன். அக்கா ஊருக்குத் திரும்புவதைத் தள்ளிப்போட்டு என்னோடு ஆஸ்பத்திரிக்கு வந்தார். துளியூண்டு சதை எடுத்து அனுப்பினார்கள். ரிப்போர்ட் வரும்வரை நானும் அவரும் அதைப் பற்றிப் பேசவே இல்லை. புடவையைப் பற்றியே பேசினோம்.

புற்று இல்லை. கவனிக்காமல் விட்டால் சில வருஷத்தில் புற்றாகக்கூடியது. அந்த இடத்தை மட்டும் சூடு வைத்துச் சரிசெய்தார்கள். அன்றைக்கே வீட்டுக்கு வந்து மீன் குழம்பு வைத்தேன்.

கப்பல் டிக்கெட் கவுன்ட்டர் திறப்பதற்கு முன்பே போய் வரிசை கட்டி நிற்கிற தீவுக்காரிகள் நாம்... இந்தப் பரிசோதனைக்கு ஒரு பத்து நிமிஷம் படுக்க மாட்டோமா என்ன?