கோல்கீப்பரின் பர்சோ

ஊரெல்லாம் அவரை எம்.எல்.ஏ. சாப் என்று கூப்பிட்டது. எங்கள் வீட்டில் மட்டும் அந்தப் பட்டம் ஒட்டவே இல்லை. கடைசிவரை கோல்கீப்பர்தான். ஹைதராபாத்தை ஒட்டிய போலாரத்தில் ராணுவக் குடியிருப்புகளுக்குப் பின்னால் இருந்த செம்மண் மைதானத்தில் என் அண்ணனோடு ஒரே அணியில் ஆடியவர். மட்டமான கோல்கீப்பர். பந்து நேராக வந்தால் கண்ணை மூடிக்கொள்வார். கோல் விழுந்ததும் கையைத் தூக்கிக்கொண்டு நடுவரிடம் ஓடி, ஆஃப்சைடு என்று தொண்டை கிழியக் கத்துவார். விழுந்த கோல்களில் பாதியை அப்படியே விழாததாக ஆக்கிவிடுவார். பிற்காலத்தில் அரசியலிலும் அவர் செய்தது இதைத்தான் என்பது என் கட்சி.

அண்ணன் அவருக்கு முன்னால் நிற்கும் டிஃபெண்டர். பின்னால் இருப்பவன் பிடிக்க மாட்டான் என்று தெரிந்தவன் ஒரு பந்தையும் தன்னைத் தாண்ட விடமாட்டான் அல்லவா? அப்படி ஆடி ஆடியே அவன் மாநில அணிக்குப் போனான், பிறகு இந்திய அணிக்கும் போனான். "அவன் எனக்குப் பின்னால நின்னதுனாலதான் நான் இந்தியாவுக்கு ஆடுனேன்" என்று அண்ணன் அடிக்கடி சொல்வான். அதில் கிண்டல் கொஞ்சமும் இருக்காது. நன்றியோடுதான் சொல்வான். அந்த நன்றியைத்தான் என்னால் இன்றுவரை பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

எங்கள் அப்பா திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து ராணுவக் கணக்கு அலுவலகம் ஒன்றில் குமாஸ்தாவாகப் போலாரத்துக்கு வந்தவர். அம்மா நான் பள்ளியில் படிக்கும்போதே போய்விட்டாள். அப்பா ஊரிலேயே இந்தி படித்துப் பரீட்சைகள் தேறியவர் என்பதால், ஹைதராபாத் இந்தியைக் கேட்டால் அவருக்கு உடம்பெல்லாம் எரியும். ஆமாம் என்பதற்கு 'ஹவ்', வேண்டாம் என்பதற்கு 'நக்கோ'. "இதுவாலே இந்தி? கோழி கூவுத மாதிரில்லா இருக்கு" என்பார்.

அவரை அதிகமாகச் சோதித்த சொல் 'பர்சோ'. அவர் படித்த இந்தியில் அதற்கு நேற்றைக்கு முந்தைய நாள் என்று அர்த்தம். வரப்போகும் நாளைப் பற்றிப் பேசினால் நாளைக் கழித்து. எங்கள் மைதானத்துப் பையன்கள் பேச்சில் நடந்து முடிந்தது எல்லாமே பர்சோதான். போன வாரம் பார்த்த சினிமாவும் பர்சோ, மூன்றாம் வகுப்பில் வாங்கிய அடியும் பர்சோ. கோல்கீப்பர் தன் தாத்தா நிஜாம் காலத்தில் குதிரை வண்டி ஓட்டியதைக்கூடப் பர்சோ என்று சொன்னதாக ஞாபகம்.

அண்ணன் இந்திய அணிக்கு ஆடியது சில ஆட்டங்கள்தான். வெளிநாட்டில் நடந்த ஒரு தகுதிச் சுற்றில் முழு ஆட்டமும் ஆடினான். மறுநாள் பேப்பரில் விளையாட்டுப் பக்கத்தின் அடியில் அவன் பெயரைத் தப்பாகப் போட்டிருந்தார்கள். அப்பா அதைப் பேனாவால் திருத்தி அலமாரிக் கதவில் ஒட்டிவைத்தார். அணிக்காரர்கள் கொடுத்த கருநீலக் கோட்டு ஒன்று வந்தது. மார்புப் பையில் தங்க ஜரிகையில் சின்னம். அடுத்த பயிற்சி முகாமில் அண்ணனின் முழங்கால் பிய்ந்தது. ஆபரேஷன் நடந்தது. கால் நேராயிற்று, ஆனால் ஆட்டம் முடிந்துவிட்டது.

விளையாட்டு ஒதுக்கீட்டில் அவனுக்குப் பட்டான்செரு பக்கம் ஒரு தொழிற்சாலையில் வேலை கிடைத்திருந்தது. கால்பந்து அணி இனி வேண்டாம் என்று நிர்வாகம் முடிவெடுத்ததும் அவனைக் கேட்டில் உட்காரவைத்தார்கள். வரும் லாரிகளின் சீட்டைப் பார்த்து முத்திரை குத்த வேண்டும். போலாரத்திலிருந்து இரண்டு பஸ் மாறி, கடைசியில் ஷேர் ஆட்டோவில் ஒட்டிக்கொண்டு போவான். ரசாயன நாற்றம் சட்டையிலேயே தங்கிவிட்டது. எவ்வளவு துவைத்தாலும் போகாது.

அப்போதுதான் எனக்கு பேகம்பேட்டில் சாஃப்ட்வேர் கம்பெனி ஒன்றில் வேலை கிடைத்தது. பிறர் எழுதிய புரோகிராமில் தப்புக் கண்டுபிடிக்கும் வேலை. இந்த வேலைக்கென்றே பிறந்தவள் என்று அண்ணன் சொல்வான். ஊரே எங்கேயோ ஏறிப் போய்க்கொண்டிருந்தது. நேற்று வந்த பையன்கள் கார் வாங்கினார்கள், பாறைகளை உடைத்துக் கண்ணாடிக் கட்டடங்கள் கட்டினார்கள். நாட்டுக்காக ஆடியவன் மட்டும் லாரிக்கு முத்திரை குத்திக்கொண்டிருந்தான். எனக்கு வந்த கோபத்தில் நூறில் ஒரு பங்கு அவனுக்கு வரவில்லை.

கோல்கீப்பரும் ஏறிக்கொண்டிருந்தார். போஸ்டர் ஒட்டினார், பேனர் கட்டினார், மாநகராட்சியில் கார்ப்பரேட்டர் ஆனார், எம்.எல்.ஏ. ஆனார். வெற்றி ஊர்வலம் எங்கள் தெருவழியாக வந்த அன்று, கூட்டத்தில் அண்ணனைப் பார்த்ததும் ஜீப்பை நிறுத்தச் சொன்னார். தன் கழுத்து மாலையைக் கழற்றி அவன் கழுத்தில் போட்டார். "நம்ம கிரவுண்டை ஸ்டேடியம் ஆக்கப்போறேன். பசங்களுக்கு கோச் இவன்தான்" என்று மைக்கில் தெலுங்கில் அறிவித்தார். தெருவே கைதட்டியது. அப்பா வாசலில் நின்று அழுதார். உண்மையைச் சொன்னால், அன்று நானும் கைதட்டினேன்.

அந்த ஒரு வாக்கில் அண்ணனின் மீதி ஆயுள் மாட்டிக்கொண்டது. பெண் பார்க்கலாமா என்று யாராவது கேட்டால், "கோச் வேலை வரட்டும், கேட்டு வேலைக்காரனுக்கு யாரு பொண்ணு குடுப்பா?" என்பான். விடிந்ததும் எழுந்து, முழங்காலில் பட்டை சுற்றிக்கொண்டு மைதானத்துக்குப் போய்ப் பிள்ளைகளுக்குச் சும்மாவே பயிற்சி கொடுத்துவிட்டுத்தான் பஸ் ஏறுவான்.

ஒரு நாள் கோவாவிலிருந்து போன் வந்தது. அவனோடு இந்திய முகாமில் இருந்த ஒருவர் அங்கே ஒரு கிளப்பில் பொறுப்பில் இருந்தார். உதவிக் கோச் வேண்டும், வருகிறாயா, இந்த வாரத்துக்குள் சொல் என்றார். அண்ணன் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் அவன் முழங்கால் போன பிறகு பார்த்ததே இல்லை. அன்று சாயங்காலமே, சொல்லிக்கொண்டு போவதுதான் மரியாதை என்று கோல்கீப்பரைப் பார்க்கப் போனான். அங்கேதான் எல்லாம் கெட்டது.

கோல்கீப்பர் பதறிவிட்டாராம். "கோவா நக்கோ ரே! ஸ்டேடியம் ஃபைல் மேஜை மேல இருக்கு. பர்சோ ஆஜா, ஆர்டர் லேகே ஜா" என்றாராம். வந்து ஆர்டரை வாங்கிக்கொண்டு போ என்று சொல்லியிருக்கிறார். அண்ணன் வீட்டுக்கு வந்து சொன்னதும் அப்பாவுக்குக் கால் தரையில் நிற்கவில்லை.

"நாளக்கழிச்சு வரச் சொல்லியிருக்காம்லா. கோவாக்காரன்ட்ட அவசரப்பட்டுச் சரின்னுராத."

"அவன் மூணாங்கிளாஸையே பர்சோங்கிறவன்ப்பா" என்றேன் நான்.

அண்ணன் என்னைப் பார்த்துச் சிரித்தான். "ஏட்டி, அது முடிஞ்ச கதைக்கு. முடிஞ்சத சொல்லும்போதுதான் அந்த வார்த்தைக்கு எல்லை கெடையாது. வரப்போறதுக்குச் சொன்னா பர்சோன்னா நாளக்கழிச்சுதான். போலாரத்துல பொறந்துட்டு இதுகூடத் தெரியலையா?"

அவன் சொன்னது சரிதான். அதுதான் கொடுமை. மைதானத்தில் எல்லாரும் அப்படித்தான் பேசினார்கள். கடந்துபோனதற்குத்தான் அந்தச் சொல் இளகும், வரப்போவதற்கு இறுக்கமாகவே நிற்கும். வரப்போவதற்கும் அதை இளக்கிக் காட்டிய முதல் மனிதர் எங்கள் கோல்கீப்பர்தான்.

நாளைக் கழித்து அண்ணன் அந்தக் கருநீலக் கோட்டை மாட்டிக்கொண்டு, நல்ல வெயிலில் பஸ்ஸில் போனான். எம்.எல்.ஏ. வெளியூர் போயிருக்கிறார் என்றார் அவருடைய பி.ஏ. "எல்லுண்டி ரண்டி சார்" என்று தெலுங்கில் சொல்லி டீ கொடுத்து அனுப்பினார். ரண்டி என்றால் வாருங்கள், எல்லுண்டி என்றால் நாளைக் கழித்து. அதற்கு வேறு அர்த்தமே கிடையாது. இளகாத சொல். அண்ணன் அதையே சாட்சியாகப் பிடித்துக்கொண்டான். "தெலுங்குலயே சொல்லிட்டாருட்டி" என்றான். அந்த வாரக் கடைசியில் கோவாவுக்குப் போன் போட்டு வரவில்லை என்று சொல்லிவிட்டான். வாழ்க்கையில் அவன் உறுதியாகச் சொன்ன ஒரே நக்கோ அதுதான். அதையும் சொல்லக் கூடாத இடத்தில் சொன்னான்.

அதன் பிறகு எத்தனை பர்சோ என்று நான் எண்ணவில்லை. ஒவ்வொரு முறையும் அந்தக் கோட்டு. ஒரு முறை அடிக்கல் நாட்டினார்கள், அண்ணனை மேடையில் ஏற்றி சால்வை போர்த்தினார்கள். ஒரு முறை சுற்றுச்சுவர் எழுந்தது, பிள்ளைகள் உள்ளே வரக் கூடாது என்று பூட்டினார்கள். கோல்கீப்பர் கட்சி மாறினார், தோற்றார், மறுபடி மாறி மறுபடி ஜெயித்தார். சுற்றிலும் நிலத்தின் விலை ஏறிக்கொண்டே இருந்தது. நான் கல்யாணமாகி அல்வாலுக்குக் குடிபோனேன். அண்ணன் அப்பாவோடு இருந்தான். தலை நரைத்து, அதே கேட்டில் உட்கார்ந்து முத்திரை குத்தினான்.

அப்பா இறந்தபோது கோல்கீப்பர் நாலைந்து கார்களில் வந்தார். உடலுக்கு மாலை போட்டுவிட்டு, அண்ணன் தோளில் கைபோட்டு, "பர்சோ ஹி தோ மிலா தா ரே" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். இப்போதுதானே பார்த்தேன் என்கிறார். அவர் அப்பாவைக் கடைசியாகப் பார்த்தது அந்த ஜீப் ஊர்வலத்தில். பொய் சொன்னார் என்றும் சொல்ல முடியவில்லை, அவர் பேச்சில் அது பர்சோதான். அப்பா மட்டும் எழுந்திருந்தால் இலக்கணம் சொல்லித் திருத்தியிருப்பார்.

பிறகு மைதானத்தில் கட்டடம் எழுந்தது. ஸ்டேடியம் என்று அண்ணன் தினமும் போய்ப் பார்த்துவிட்டு வந்தான். தூண் எழுந்தபோது கேலரி என்றான். கூரை போட்டபோது உள்ளரங்கம் என்றான். முகப்பில் பிளாஸ்டர் சிங்கங்களை வைத்துத் தங்கப் பெயிண்ட் அடித்த பிறகுதான் வாயை மூடினான். அது ஃபங்ஷன் ஹால். கல்யாணங்களுக்கு வாடகைக்கு விடுவது. முதல் கல்யாணம் கோல்கீப்பர் மகளுடையது. எங்களுக்கும் பத்திரிகை வந்தது.

போகவே கூடாது என்றேன். கேட்கவில்லை. தனியாக அனுப்ப மனமில்லாமல் நானும் போனேன். சீரியல் விளக்கு, பிரியாணி வாசனை, பளிங்குத் தரை. அண்ணன் தரையைப் பார்த்தபடியே நடந்தான். சாப்பாட்டு மேஜைகள் ஆரம்பிக்கும் இடத்தில் நின்று, "இதுதான் நம்ம பெனால்டி ஏரியா" என்றான். அவன் காட்டிய கோல் இருந்த இடத்தில் ஒருவர் ஜிலேபி பிழிந்துகொண்டிருந்தார்.

கோல்கீப்பர் தூரத்திலிருந்தே பார்த்துவிட்டார். கூட்டத்தைப் பிளந்துகொண்டு ஓடிவந்து கட்டிப்பிடித்தார். பக்கத்தில் நின்ற மந்திரியிடம், "நேஷனல் பிளேயர் சார். பர்சோ இதே கிரவுண்ட்ல எனக்கு முன்னால நிப்பான். ஒரு பந்து தாண்டாது" என்று பெருமையோடு சொன்னார். அவருக்குக் கண் கலங்கியிருந்தது. அது நடிப்பு என்று என்னால் இன்றும் சத்தியம் பண்ண முடியாது. பிறகு அண்ணன் காதருகே குனிந்து, "வேற இடம் பாத்திருக்கேன் ரே, பெரிய ஸ்டேடியம். பர்சோ ஆஜா" என்றார்.

"ஹவ்" என்றான் அண்ணன்.

அவனை என் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு திரும்பும்போது, கார் ஓட்டிக்கொண்டே கத்தினேன். "ஒரு தடவ, ஒரே ஒரு தடவ அவன் மூஞ்சிக்கு நேரா நக்கோன்னு சொல்லக் கூடாதாண்ணே? உனக்கு ரோஷமே கெடையாதா?"

அல்வால் திருப்பத்தில் அண்ணன் வாயைத் திறந்தான். "நான் நக்கோன்னு சொல்லிட்டேன்னா, அதுக்கப்புறம் எனக்கு நாளக்கழிச்சுன்னு ஒண்ணு கெடையாதுட்டி."

வண்டியை ஓரங்கட்டி நிறுத்தி அழுதேன். அவன் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தான்.

அவர் சொன்ன பர்சோ வியாழக்கிழமை. அன்று காலை ஆபீஸுக்குக் கிளம்பியவள் போலாரம் பக்கம் வண்டியைத் திருப்பினேன். எதிர்பார்த்தபடியே பஸ் நிறுத்தத்தில் கோட்டோடு நின்றிருந்தான். பொத்தான் சேரவில்லை. இரண்டு ஓரத்தையும் கையால் இழுத்துப் பிடித்திருந்தான். ஜரிகைச் சின்னம் கறுத்துப்போயிருந்தது. திட்ட வேண்டும் என்றுதான் நிறுத்தினேன். "ஏறு" என்று மட்டும் வந்தது.

கோல்கீப்பர் வீட்டு வாசலில் காவலுக்கு நின்றவன் புது ஆள். யார் என்று கேட்டான். அண்ணன் சின்னத்தைத் தொட்டுக் காட்டினான். காவல்காரனுக்கு அது என்ன என்று புரியவில்லை. "சாப் நை ஹை. பர்சோ ஆவோ" என்று சொல்லிவிட்டுக் கேட்டைச் சாத்தினான்.

அண்ணன் அந்தக் கேட்டைப் பார்த்து "ஹவ்" என்றான். வந்து காரில் உட்கார்ந்து, கோட்டைக் கழற்றி மடியில் மடித்து வைத்துக்கொண்டான்.

"நாளக்கழிச்சு என்ன கெழமட்டி?" என்று கேட்டான்.

சனிக்கிழமை என்றேன்.